ஓங்கிலுக்கு முகம் காட்டாதவர்

ஓங்கில்கள் படகுக்குப் பக்கத்தில் வந்துவிட்டால் மனுவேல் மாமா தொப்பியை மூக்குவரை இழுத்துவிட்டுக்கொண்டு கரைப் பக்கம் திரும்பிவிடுவார். வெள்ளைக்காரர்கள் கத்துவார்கள். பிள்ளைகள் கைதட்டுவார்கள். கொழும்பிலிருந்து வந்த புதுமணத் தம்பதிகள் ஒருவர் கையிலிருந்த போனை மற்றவர் பறிப்பார். அவர் மட்டும் கூத்து மேடைக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருப்பவரைப்போல இருப்பார். ஒரு கை இஞ்சின் பிடியில், மற்றக் கை தொப்பியில்.

முதல் சீசனில் அது வெயிலுக்காக என்று நினைத்தேன். இரண்டாவது சீசனில்தான் எனக்கு உறைத்தது. எங்கள் கடல் மேற்கே இருக்கிறது. காலையில் சூரியன் கரைப் பக்கமிருந்துதான் எழும்பும். வெயிலுக்குப் பயந்தவர் கடலைப் பார்ப்பார், கரையைப் பார்க்கமாட்டார். அதன் பிறகு அவர் தொப்பியில் கை வைக்கும் ஒவ்வொரு முறையும் நான் அவரைக் கவனித்தேன். ஓங்கில்களைக் காட்டுவதற்குச் சம்பளம் வாங்கியவள், ஓங்கில்களைவிட அவரைத்தான் அதிகம் பார்த்தேன்.

எங்கள் ஊர் தலவிலக்கும் கற்பிட்டிக்கும் இடையில், தென்னந்தோட்டங்கள் முடிந்து மணல் தொடங்கும் இடத்தில் இருக்கிறது. எங்கள் குடும்பத்தில் முதன்முதல் பல்கலைக்கழகம் போனவள் நான். பட்டத்தை அலுமாரிக்குள் வைத்துவிட்டு அரசாங்க நியமனத்துக்குக் காத்திருந்த காலத்தில், கரையோர ஹோட்டல் ஒன்றில் விருந்தாளிகளோடு படகில் போய்க் கதைத்துக் காட்டும் வேலை கிடைத்தது. யுத்தம் முடிந்து கொஞ்சக் காலம்தான் ஆகியிருந்தது. கடற்படையின் தடைகள் விலகிய கடலுக்குள் திடீரென்று எல்லோரும் ஓங்கில் பார்க்கப் போகத் தொடங்கியிருந்தார்கள். விருந்தாளிகள் டொல்பின் என்றார்கள். ஹோட்டல் பலகையில் சிரிக்கிற டொல்பின், துவாயில் டொல்பின், தேத்தண்ணிக் கோப்பையிலும் டொல்பின். ஓங்கில் என்ற பெயர் எங்கள் வாய்க்குள் மட்டும்தான் மிஞ்சியிருந்தது.

அந்தப் பெயரோடு வேறு சிலதும் மிஞ்சியிருந்தன. மனுவேல் மாமாவுக்கு ஊரில் 'மண்டா' என்று ஒரு பட்டப்பெயர். மண்டா என்பது ஆள் உயரத் தடியின் நுனியில் கொளுவும் இரும்பு முனை. எறிந்ததும் முனை உடம்பில் ஏறும், தடி கழன்று விழும், கயிறு மட்டும் முனையோடு ஓடும். சுறாத் தூண்டில் போட்ட காலத்தில் இரைக்கு ஓங்கில் இறைச்சியைப்போல வேறொன்றும் இல்லை என்பார்கள். ஓடுகிற படகின் முன்முனையில், அணியத்தில் நின்று, குதித்து மறைகிற ஒன்றின்மீது மண்டா எறிய எல்லோராலும் முடியாது. மனுவேல் மாமாவால் முடிந்தது. தகப்பன் கரைவலையில் கயிறு இழுத்தவர், சொந்த வள்ளம் இல்லாதவர். மகனை வள்ளக்காரர்கள் வீடு தேடி வந்து கூட்டிக்கொண்டு போனார்கள். றோசமேரி மாமியைப் பெண் கேட்டுப் போனபோதும் அந்தக் கைதான் அவருக்குச் சீதனம் என்று ஊரில் சொல்வார்கள்.

இரைக்குப் போக மிஞ்சியது வீடுகளுக்குப் போனது. இதை யாரும் நேராகச் சொல்வதில்லை. அம்மாவிடம் ஒருநாள் கேட்டேன்.

"நாங்க திண்டதில்ல," என்றார் அம்மா.

நான் கேட்டு முடிக்கவேயில்லை. அவ்வளவு விரைவாக வந்தது பதில். பிறகு தேங்காய்ப்பூ பிழிவதில் மும்முரமாகிவிட்டார்.

அதற்கும் முந்திய காலத்தில் ஓங்கிலை யாரும் தொடமாட்டார்களாம். ஓங்கில் ஓடும் பக்கம் சூரை மீன் ஓடும் என்று அதன் பின்னால் பாய் விரித்துப் போனார்களாம். முதலில் வழிகாட்டி, பிறகு இரை, இப்போது விருந்தாளிக்குக் காட்டும் பொருள். மூன்று காலத்திலும் நாங்கள் அதன் பின்னால்தான் ஓடிக்கொண்டிருக்கிறோம் என்று நினைத்துக்கொள்வேன். பின்னால் ஓடுகிற எங்களைப் பற்றி அது என்ன நினைக்கிறது என்று நான் யோசித்ததில்லை. அதை யோசித்த ஒரே ஆள் தொப்பியை இழுத்துவிட்டுக்கொண்டிருந்தார்.

ஹோட்டலுக்குப் படகு விடுகிறவர்கள் ஒரு சங்கமாக இருந்தார்கள். வாரத்தில் ஆளுக்கு இத்தனை நாள் என்று முறை. சங்கத்துக்குத் தலைவர் கில்பட். என்னைவிடப் பத்துப் பதினைந்து வயது கூடியவர், கதையில் கெட்டிக்காரர், சிங்களமும் ஆங்கிலமும் சிரிப்போடு கதைப்பார். அவருடைய படகில் எப்போதும் விருந்தாளிகளுக்கு ஓங்கில் கிட்டத்தில் கிடைக்கும். கூட்டத்தைக் கண்டதும் இஞ்சினை முறுக்கி முன்னுக்குப் போய் வளைப்பார். மற்றப் படகுகள் பக்கங்களால் மூடும். நடுவில் அகப்பட்ட ஓங்கில்கள் குதிக்கும்போது படகில் தண்ணீர் தெறிக்கும். மனுவேல் மாமா அந்த வட்டத்துக்குள் வருவதில்லை. தூரத்திலேயே இஞ்சினை நிறுத்திவிட்டுச் சும்மா மிதப்பார். சில நாட்களில் கூட்டம் தானாக அவர் பக்கம் வரும். பல நாட்களில் வராது. அவர் படகில் போனவர்கள் திரும்பி வந்து ஹோட்டலில் முகம் சுளிப்பார்கள்.

ஒரு பிரெஞ்சுக்காரி, கில்பட் எப்படி அவ்வளவு சரியாக வளைக்கிறார் என்று என்னிடம் கேட்டார். நான் மனுவேல் மாமாவிடம் கேட்டேன்.

"அண்டைக்கும் இப்பிடித்தான் வளைச்சம், பிள்ள. எறிய ஒருத்தன் முன்னுக்கு நிண்டான், அவ்வளவுதான் வித்தியாசம்."

நான் அந்தப் பெண்ணிடம், பரம்பரை அனுபவம் என்று சொன்னேன்.

படகுக்காரர்கள் அவரை விட்டுவைக்கவில்லை. கரையில் வலை உலர்த்தும் இடத்தில் தினமும் ஒரு பகிடி இருக்கும்.

"மாமா, உங்கட போட்டில வாற வெள்ளைக்காரனுக்குத் தண்ணியக் காட்டியே அனுப்புறீங்களாம்?" என்பான் றொபி. கில்பட்டின் மனைவியின் தம்பி. சங்கத்தில் முறை கிடைக்கக் காத்திருந்தவன்.

"தண்ணியும் கடவுள் படைச்சதுதான்டா."

"அதுக்கில்ல. ஓங்கிலுக்கு ஆள் அடையாளம் தெரியுமாம். மண்டா வாறான் எண்டு ஒண்டுக்கொண்டு சொல்லிப்போட்டு ஓடுதுகளாம்."

எல்லோரும் சிரிப்பார்கள். மனுவேல் மாமா மட்டும் சிரிக்கமாட்டார். அந்தப் பகிடியில் மற்றவர்கள் கேட்காத ஏதோ ஒன்று அவருக்குக் கேட்கிறது என்று எனக்குப் பட்டது.

நான் வேலைக்குப் போய் எட்டாவது சீசன். தை மாதத்தில் ஒரு விடியற்காலை, ஹோட்டல் கரையிலிருந்து கொஞ்சம் தள்ளி, ஒரு ஓங்கில் செத்து ஒதுங்கிக் கிடந்தது. நான் போகும்போது கில்பட்டும் றொபியும் குழி தோண்டிக்கொண்டிருந்தார்கள். பக்கத்தில் தாஹிர் நானா சாரத்தை மடித்துக் கட்டியபடி நின்றார். கற்பிட்டிக்காரர், சங்கத்தில் அவருக்கும் ஒரு படகு. ஓங்கில் ஒரு பக்கமாகச் சரிந்து பாதி மணலில் புதைந்திருந்தது. தலைக்குச் சற்றுப் பின்னால், என் கை முட்டி நுழையும் அளவுக்கு ஒரு துவாரம். காகம் ஒன்று அதிலிருந்து எழும்பிப் போனது.

"கெதியா, கெதியா," என்றார் கில்பட். "ஹோட்டல் மாத்தயா எழும்ப முதல் மூடணும். வெள்ளைக்காரன் ஒருத்தன் படம் எடுத்தானெண்டா நம்மட சங்கமும் இதுக்குள்ளதான்."

"கொஞ்சம் பொறு கில்பட். மத்தப் பக்கம் பிரட்டிப் பாப்பம், என்னத்தால செத்த எண்டு," என்றார் தாஹிர் நானா.

"பிரட்டினா குடல் வரும். நீங்க பிரட்டுங்க நானா, நான் மூக்கப் பொத்துறன்."

"அல்லாஹ்வே, எனக்கு இன்னும் காலச் சாப்பாடும் இல்ல."

"அப்ப பேசாம இருங்க. ஓட்டயப் பாத்தாலே தெரியுதே. இது மண்டா."

அந்தச் சொல் விழுந்ததும் எல்லோரும் நிமிர்ந்தார்கள். தென்னைகளுக்கிடையால் மனுவேல் மாமா வந்துகொண்டிருந்தார். கிட்ட வந்தார். ஓங்கிலைக் கண்டதும் அவருடைய கை மேலே போயிற்று. செத்துக் கிடந்த ஒன்றின் முன்னாலும் தொப்பி மூக்குவரை இறங்கியது.

"ஆர் செய்த இது?" என்றார் தொப்பிக்குக் கீழிருந்து.

"அதத்தான் உங்களிட்டக் கேக்கலாமெண்டு நிண்டனாங்கள், மாமா," என்றார் கில்பட்.

எல்லோரும் அவரையே பார்த்து நிற்க, றொபி வாலைப் பிடித்துக் குழிக்குள் இழுத்து மணலால் மூடினான்.

அன்றைக்கே கதை ஊரைச் சுற்றியது. ஊரில் மண்டா எறியத் தெரிந்தவர்கள் எத்தனைபேர்? ஒருவர். அவருக்கு ஓங்கிலில் என்ன கோபம்? அவருடைய படகுக்கு வருவதில்லையே, அந்தக் கோபம். சுறாக்காரர்கள் யாராவது களவாக இரை கேட்டிருப்பார்களோ? நடுக்கடலில் தனியாக இஞ்சினை நிறுத்திவிட்டு அவர் செய்கிறது என்ன? அவர் ஏன் முகத்தை மறைக்கிறார்? இந்தக் கடைசிக் கேள்வி என்னுடையது மட்டும் என்று நினைத்திருந்தேன். பாண் வாங்கப் போன கடையில் அதை இன்னொருவர் கேட்பதைக் கேட்டேன். என் சந்தேகத்தை யாரோ என் பையிலிருந்து எடுத்துவிட்டதைப்போல இருந்தது. ஒருவேளை நான்தான் எங்காவது அதைத் தவறவிட்டேனோ என்றும் யோசித்தேன்.

ஹோட்டலுக்கு விஷயம் தெரிந்தால் சங்கத்தையே விலக்கிவிடும். அதற்கு முன்பு நாங்களே ஆளைக் கண்டுபிடித்து விலக்க வேண்டும் என்று கில்பட் கூட்டம் வைத்தார். எப்படிக் கண்டுபிடிப்பது? எங்கள் கரையில் அதற்கு ஒரு வழிதான் இருக்கிறது. தலவில புனித அன்னம்மாவின் கோயிலில், மெழுகுதிரியைப் பிடித்துக்கொண்டு சத்தியம். பொய்ச் சத்தியம் செய்தவனுக்குக் கடல் பிறகு கரை தராது என்பது நம்பிக்கை. வலை களவுக்கும் எல்லைச் சண்டைக்கும் பொலிசுக்குப் போகாமல் அங்கேதான் போவார்கள்.

"நான் எப்பிடி அங்க வந்து சத்தியம் பண்ற?" என்று கேட்டார் தாஹிர் நானா. "எனக்கு வேற இடம் இரிக்கி."

"நீங்க இங்கயே அல்லாட பேரில சொல்லுங்க நானா. உங்களயா நாங்க சந்தேகப்படுறம்?"

"அப்ப யாரையாம் சந்தேகப்படுற? ஆளத் தெரிஞ்சா என்னத்துக்கு இவ்வளவு பேரும்?"

கில்பட் சிரித்துவிட்டு, ஞாயிறு பூசை முடிந்ததும் என்று அறிவித்தார்.

ஞாயிற்றுக்கிழமை காற்று. கோயில் வாசலில் மெழுகுதிரி நிற்கவில்லை, அணைந்தணைந்து போயிற்று. றொபி கையால் மறைத்துப் பிடித்தான். முதலில் கில்பட் போனார். "அன்னம்மா தாயாரே, நான் எந்த ஓங்கிலுக்கும் மண்டா எறியேல்ல. எறிஞ்சிருந்தா என்னக் கடல் எடுக்கட்டும்." குரல் தடுமாறவேயில்லை. மற்றவர்களும் அதே வாசகத்தை ஒவ்வொருவராகச் சொன்னார்கள். தாஹிர் நானா கூடத் துணைக்கு வந்து, மதிலுக்கு வெளியே தன் மோட்டார் சைக்கிளில் சாய்ந்துகொண்டு நின்றார்.

மனுவேல் மாமாவின் முறை வந்தது. அவர் மெழுகுதிரியை வாங்கவில்லை.

"நான் செய்யமாட்டன்."

"ஏன் மாமா?"

"எனக்கு அவவோட ஒரு நேர்த்தி பாக்கி இருக்கு."

நேர்த்தி பாக்கி வைத்திருப்பவர் சத்தியம் செய்யக் கூடாது. இதுவும் எங்கள் வழக்கம்தான். சொன்னதைக் கொடுக்காத வாயால் அவள் முன்னால் இன்னொன்றைச் சொன்னால், இரண்டும் சேர்ந்து வீட்டின்மேல் விழும் என்பார்கள். அதனால் அந்தப் பதிலை யாரும் புறந்தள்ள முடியவில்லை. ஆனால் கில்பட் விடவில்லை.

"சரி. அது என்ன நேர்த்தி? சொல்லுங்க. நாங்க எல்லாரும் சேந்து கட்டித் தாறம். கட்டிப்போட்டுச் சத்தியம் செய்யுங்க."

"அது எனக்கும் அவவுக்கும் இடையில."

"மெழுகுதிரியா, மாலையா, கடல் பூசையா? வாயத் திறந்து சொன்னா என்ன?"

மனுவேல் மாமா கோயிலுக்குள் பார்த்தார். அங்கே மட்டும் தொப்பி கையில் இருந்தது. பிறகு திரும்பி, வெறும் தலையோடு வெயிலில் நடந்து போனார். அடுத்த வாரம் அவருடைய முறை றொபிக்குப் போயிற்று.

நான் அவர் வீட்டுக்குப் போனேன். ஏன் போனேன் என்று இப்போதும் என்னைக் கேட்டுக்கொள்கிறேன். அவருக்காகவா, என் கேள்விக்கு விடை வேண்டுமென்றா? றோசமேரி மாமி வெறுந்தேத்தண்ணி தந்தார். மாமா கதிரையில் உட்கார்ந்து பழைய வலைத் துண்டொன்றைப் பிரித்துக்கொண்டிருந்தார்.

"என்ன நேர்த்தியெண்டு என்னட்டயாவது சொல்லுங்க மாமா. நான் சங்கத்தில கதைக்கிறன். உங்கட முறையத் திருப்பி எடுக்கலாம்."

"சொன்னா முறை கிடைக்காது பிள்ள. சொன்னாத்தான் கிடைக்கவே கிடைக்காது."

"இப்ப மட்டும் என்ன கிடைச்சிருக்கு?" என்றார் மாமி அடுப்படியிலிருந்து. "சொல்லுங்களன். பாவம், வெயிலுக்க நடந்து வந்திருக்கு."

அவர் மேலே பார்த்தார். கூரை வளையில் ஒரு பழைய சாரத்துணிச் சுருள் செருகியிருந்தது. மாமி முக்காலியில் ஏறி அதை எடுத்து மடியில் வைத்துப் பிரித்தார். இரும்பு முனை. துருவே இல்லை. எண்ணெய் மினுக்கத்தோடு, நேற்றுக் கடையில் வாங்கியதைப்போல இருந்தது.

யுத்தம் நடந்த காலம். ஒரு தாய் ஓங்கிலுக்கு எறிந்தாராம். அது இழுத்து ஓடிக் களைத்ததும் படகோடு சேர்த்துக் கட்டினார்கள். அதன் குட்டி பிரியவில்லை. படகுக்குப் பக்கத்திலேயே வந்தது. திரும்பும் வழியில் இஞ்சின் நின்றுவிட்டது, காற்று எழும்பியது, கடற்படை வகுத்த எல்லைக்கு வெளியே அள்ளுப்பட்டுப் போனார்கள். அங்கே கண்டால் கடற்படையும் சுடும், மற்றவர்களும் சுடுவார்கள். கட்டியிருந்த தாயை அறுத்துவிட்ட பிறகும் குட்டி போகவில்லை.

"என்ர முகத்தப் பாத்துக்கொண்டு வந்தது பிள்ள. தலைய நிமித்தி நிமித்தி. வேற ரெண்டுபேர் இருந்தவங்கள், அவங்களப் பாக்கேல்ல. எறிஞ்சவன் ஆரெண்டு தெரிஞ்ச மாதிரி. நான் கண்ண மூடிக்கொண்டு அன்னம்மாட்டச் சொன்னன், எங்களக் கரை சேத்தா இந்த மண்டாவக் கொண்டுவந்து உன்ர காலடியில வைக்கிறன், இனித் தொடமாட்டன் எண்டு. இஞ்சின் பத்திச்சுது."

"பிறகு ஏன் கொண்டுபோகேல்ல?"

"எப்பிடிக் கொண்டுபோற? வழியெல்லாம் செக்பொயின்ற். கரையால போனா நேவி. கூரான இரும்போட பிடிபட்டா அன்னம்மாட்டப் போய்ச் சேர மாட்டன், வேற இடத்துக்குத்தான் போய்ச் சேருவன். யுத்தம் முடியட்டும் எண்டு இருந்தன். முடிஞ்சுது. உடன ஓங்கிலுக்கு யோகம் அடிச்சிட்டுது. எங்க பாத்தாலும் அதின்ர படம். நானும் ஹோட்டலுக்குப் போட் விடப் போனன். இனி இதத் தூக்கிக்கொண்டு ஊருக்கு நடுவால நடக்கிறதா? திருவிழாவில கோயில் வாசல்ல பையத் துழாவுவாங்கள். மண்டாட வீட்டில இன்னும் மண்டா கிடந்திருக்கு எண்டு எவனும் சொல்லுவான். முறை அண்டையோட சரி."

"ஏன் இவ்வளவு எண்ணெய்?"

அவர் என்னைப் பார்த்தார். என் கேள்விக்குள் இருந்தது அவருக்குத் தெரிந்துவிட்டது.

"ஒவ்வொரு வருசமும் கொடியேத்தத்துக்கு முதல் நாள் துடைச்சு எண்ணெய் போடுவன். இந்த முறை எப்பிடியும் கொண்டுபோறதெண்டு. துருப்பிடிச்சதக் கொண்டுபோய் அவவின்ர காலடியில வைக்கலாமா?"

பிறகு வலைத் துண்டை மறுபடியும் கையிலெடுத்து, "ஓங்கில் எவ்வளவு காலம் உயிரோட இருக்கும்? நீ படிச்சதில இருக்கா?" என்று கேட்டார்.

"நான் படிச்சது பொருளியல், மாமா."

"ஆ," என்றார். முதல் தடவையாகச் சிரித்தார். "அதில குட்டியப் பத்தி இருக்காதுதான்."

அவர் வீட்டில் இருந்தபோது நான் அவரை முழுதாக நம்பினேன். பாதி வழி வந்ததும் அந்த எண்ணெய் மினுக்கம் கண்ணுக்குள் வந்தது. வீட்டுக்குள் நுழையும்போது நான் நம்புகிறேனா என்று எனக்கே தெரியவில்லை. படித்த பிள்ளை என்று ஊரில் சொல்கிறார்கள். இரண்டு பக்கமும் யோசிக்கத்தான் படித்திருக்கிறேன் போலும். ஒரு பக்கத்தில் நிற்கப் படிக்கவில்லை.

சீசன் முடியும் தறுவாயில் றொபிக்கும் கில்பட்டுக்கும் ஏதோ குடும்பத் தகராறு. கில்பட் அவனுடைய முறையை எடுத்து வேறொருவருக்குக் கொடுத்துவிட்டார். மறுநாள் காலை, விருந்தாளிகளுக்காக நான் கரையில் காத்து நின்றபோது றொபி பக்கத்தில் வந்து நின்றான்.

"ஜெசி, ஒரு கதை. அந்த ஓங்கில் இருக்கெல்லா. மூடுறதுக்கு நான்தானே காலப் பிடிச்சு இழுத்த."

"ஓங்கிலுக்குக் கால் எங்க?"

"வால் எண்டு வையன். இழுக்கக்க பிரண்டது. மத்தப் பக்கம் வரிசையா நாலஞ்சு வெட்டு. கத்தியால சீவின மாதிரி, ஒரே இடவெளியில. இஞ்சின் விசிறிட வெட்டு. இங்கால இருந்த ஓட்ட காகம் கொத்தினது. அண்டைக்குப் பின்னேரம் அத்தான் விசிறி மாத்தினவர். கல்லில அடிச்சதாம். மணல் கடல்ல கல்லு எங்க இருந்து வந்தது?"

நான் அவனையே பார்த்தேன். முறை இருந்த காலம் முழுவதும் இவனுக்கு இது தெரிந்திருக்கிறது. முறை போன பிறகு வாய் திறக்கிறது. இது உண்மையா, வயிற்றெரிச்சலா? ஆனால் அப்போதுதான் கோயில் வாசல் எனக்கு மறுபடியும் நினைவுக்கு வந்தது. 'நான் எந்த ஓங்கிலுக்கும் மண்டா எறியேல்ல.' அந்த வாசகத்தை அமைத்தவர் கில்பட். அவர் மண்டா எறியவில்லைதான். அன்னம்மாவிடம் அவர் ஒரு பொய்யும் சொல்லவில்லை. கொல்லவில்லை என்று மட்டும் சொல்லவில்லை.

அன்றைக்கே தாஹிர் நானாவிடம் சொன்னேன். அவர் தாடியைத் தடவியபடி கேட்டுக்கொண்டிருந்தார்.

"எனக்கு அப்பவே மனசில பட்டிச்சு மகள். பிரட்ட விடல்லியே," என்றார்.

அடுத்த சங்கக் கூட்டத்தில் அவர் எழும்பிக் கேட்டார். கில்பட் கோபப்படவில்லை. நிதானமாகச் சுற்றிப் பார்த்தார்.

"றொபிட கதையா? முறை போன வயித்தெரிச்சல். சரி, விசிறி எண்டே வைப்பம். அப்ப ஆர்ட விசிறி? எல்லாரும்தான் வளைக்கிறம். ஹோட்டலுக்குப் போய்ச் சொல்லுவமா, எங்கட போட்டுகள்தான் வெட்டுது எண்டு? நாளைக்கு ஒரு போட்டும் இறங்காது. ஜெசி தங்கச்சிக்கும் வேலையில்ல."

வளைத்தவர்கள் எல்லோரும் அங்கேதான் இருந்தார்கள். அவர்களுடைய முகங்களைப் பார்த்தேன். உண்மை என்னவென்று அறிய விரும்பிய முகம் ஒன்றும் அங்கே இல்லை. மண்டா எறிந்த ஒருவர் அவர்களுக்குத் தேவைப்பட்டார். அப்படி ஒருவர் இருந்தால் மற்ற எல்லோரும் ஓங்கிலை நேசிப்பவர்கள்.

"அதவிட ஒண்டு," என்றார் கில்பட். "நான் அன்னம்மாட முன்னுக்குச் சத்தியம் செய்தனான். அந்தாள் செய்தாரா?"

தாஹிர் நானா உட்கார்ந்துவிட்டார். கூட்டம் அத்தோடு முடிந்தது.

மனுவேல் மாமாவிடம் போய் விசிறி வெட்டைப் பற்றிச் சொன்னேன். அவர் சந்தோஷப்படுவார் என்று எதிர்பார்த்தேன்.

"அது ஒரு தாயா, அந்தக் குட்டி வளந்ததா?" என்று மட்டும் கேட்டார்.

அதன் பிறகு அவர் படகில் ஏறவில்லை. கரைவலைக்குக் கயிறு இழுக்கப் போனார், தகப்பன் தொடங்கிய இடத்துக்கே. கயிறு இழுப்பவர் கடலைப் பார்த்துக்கொண்டு பின்னால் நடப்பார். தூரத்தில் எங்கள் படகுகள் வட்டமடிப்பது அவருக்குத் தெரிந்திருக்கும். அங்கே அவர் தொப்பி போடவில்லை. அவ்வளவு தூரத்துக்கு முகம் தெரியாது என்று நினைத்தாரோ என்னவோ.

அடுத்த வருடம் தென்மேற்குக் கச்சான் காற்று தொடங்கியபோது நெஞ்சுவலி வந்து, புத்தளம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும் வழியில், நுரைச்சோலை தாண்டியதும் இறந்துபோனார். கில்பட்தான் பெட்டியின் முன்பக்கம் பிடித்தார். உண்மையாகவே அழுதார். அந்தக் கண்ணீரையும் நான் சந்தேகித்தேன். பிறகு அப்படிச் சந்தேகித்த என்னையும் சந்தேகித்தேன். பெட்டிக்குள் தொப்பியை வைக்க வேண்டாம் என்று றோசமேரி மாமி சொல்லிவிட்டார்.

ஆவணியில் தலவிலத் திருவிழா. கொடியேற்றத்துக்குச் சில நாட்கள் இருக்கும்போது மாமி என்னைக் கூப்பிட்டு அனுப்பினார்.

"நீ படிச்சவள், சொல்லு. இதக் கொண்டுபோய் வைச்சா, பாத்தியா, அந்தாள்தான் ஓங்கிலக் கொண்டதெண்டு இத்தின நாள் சந்தேகப்பட்டவங்கள் இனி நிச்சயமாச் சொல்லுவாங்கள். வைக்காட்டி அவர் அங்க கடன்காரனா நிக்கிறார். எதச் செய்யிற?"

"நான் கொண்டுபோகட்டா மாமி? ஒருத்தருக்கும் தெரியாம?"

"களவா வைக்கிறது நேர்த்தியா? அதோட, சொன்னவன்ர வீட்டு ஆள்தான் கட்டணும்."

அந்த வருடம் மாமி அதை வைக்கவில்லை. அதற்கடுத்த வருடமும் வைக்கவில்லை. இதற்கிடையில் எனக்கு மதுரங்குளிப் பக்கம் ஆசிரியர் நியமனம் வந்து, ஹோட்டலை விட்டுவிட்டேன். படகுகள் இன்னும் வளைக்கின்றன. ஓங்கில்கள் இன்னும் குதிக்கின்றன. பார்க்க வருகிறவர்கள் அதை ஆட்டம் என்கிறார்கள்.

இந்த ஆவணியில் ஊருக்குப் போனபோது மாமியைப் பார்க்கப் போனேன். மறுநாள் கொடியேற்றம். கரையால் நடந்து தலவிலக்குப் போகும் சனங்களின் செபமாலைச் சத்தம் வேலிக்கு அப்பால் கேட்டது. மாமி நிலத்தில் சாக்கு விரித்து உட்கார்ந்திருந்தார். மடியில் மண்டா. தேங்காயெண்ணெயில் துணியை நனைத்து, முனையின் மடல் ஒவ்வொன்றையும் துடைத்து, வெளிச்சத்துக்குப் பிடித்துப் பார்த்தார். பிறகு மாமாவின் சாரத்துணியில் சுற்றி, முக்காலியில் ஏறி, மறுபடியும் வளையில் செருகினார்.